லென்ஸ் பார்த்துச் சொன்னது

அப்பா அம்மா ஆசையாக வைத்த பெயர் ஒன்று அவனுக்கு உண்டு. அது கரண்டு பில்லில் மட்டும்தான் பிழைத்துக் கிடந்தது. கடைத்தெருவில் அவன் லென்ஸ். கழுத்தில் கறுப்புக் கயிற்றில் ஒரு லென்ஸ் எந்நேரமும் தொங்கும். வேலை என்று உட்கார்ந்துவிட்டால் வலது கண்ணில் ஏறிக்கொள்ளும். குளிக்கும்போதாவது கழற்றுகிறானா என்று அவன் மனைவியிடம் கேட்டுச் சிரிப்பார்கள். "தூங்கும்போது கழட்ட வைக்கிறதே பெரும்பாடு" என்பாள் அவள்.

செல்போன் ரிப்பேர் கடை. கடை என்று நாம்தான் மரியாதைக்குச் சொல்லிக்கொள்ள வேண்டும். ஒரு மேசை, ஒரு முக்காலி, ஒரு மைக்ராஸ்கோப், சூடான காற்றை ஊதும் துப்பாக்கி, ஒரு டப்பா நிறைய செத்துப்போன போன்கள், அவ்வளவுதான். ஒரு பக்கம் சிமெண்ட் சுவர். இன்னொரு பக்கம் வெறும் பலகைத் தடுப்பு. தடுப்புக்கு அந்தப் பக்கம் தையல் கடை. தையல்காரரை ஊரே மாஸ்டர் என்றுதான் கூப்பிடும், லென்ஸும் அப்படித்தான். இவன் இருமினால் அவருக்குக் கேட்கும். அவர் மிஷினை மிதித்தால் இவன் மேசை அதிரும். போனுக்குள் கடுகளவு சிப்பை எடுத்துப் போர்டில் உட்கார வைக்கும் நேரம் மட்டும் இவன் கத்துவான்.

"மாஸ்டர், ஒரு நிமிஷம் மிதிக்காதீங்க!"

"வைடா, வை. உன் சிப்பு என்ன, இப்பதான் தூங்கின கைக்குழந்தையா?" என்று சொல்லிக்கொண்டே அவர் காலை எடுத்துவிடுவார். இவன் "ஆச்சு மாஸ்டர்" என்று சொல்லும் வரை மிதிக்க மாட்டார். கல்யாண வீட்டுத் துணி குவிந்து கிடந்தாலும் மாட்டார்.

லென்ஸ் படிப்பை எட்டாம் வகுப்போடு மூட்டை கட்டியவன். சின்ன வயதில் வீட்டு ரேடியோவைக் கழற்றிப் போட்டு அப்பாவிடம் முதுகு வீங்க வாங்கியவன். ஆனால் கைவேலையில் அவனை யாரும் குறை சொன்னதில்லை. தண்ணீரில் விழுந்த போனைக் கொண்டுவந்து நீட்டி "பிழைக்குமா?" என்று கேட்டால் உடனே வாயைத் திறக்க மாட்டான். "பார்க்காம எதையும் சொல்ல மாட்டேன்" என்பான். பிரித்து, லென்ஸைக் கண்ணில் ஏற்றி, ஊதி, தடவிப் பார்த்துவிட்டு "பிழைக்கும்" என்றால் பிழைக்கும். "போயிடுச்சு" என்றால் பேசாமல் புதுசு வாங்கிக்கொள்ள வேண்டியதுதான். லென்ஸ் சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று தெரு முழுக்க ஒரு பேச்சு. அந்தப் பேச்சுதான் பின்னால் எமனாக வந்து சேர்ந்தது.

குழந்தைகளுக்குத் தொண்டை அடைப்பான் நோய் பரவுகிறது என்று பள்ளிக்கூடத்தில் தடுப்பூசி போடப்போவதாகச் சொன்னார்கள். சொன்ன மறுநாளே எல்லார் போனிலும் அந்தக் கதை வந்து இறங்கியது. ஊசிக்குள்ளே சிப் இருக்கிறதாம், ஏற்றிவிட்டால் ஆயுசுக்கும் வெளியே எடுக்க முடியாதாம், எங்கே போனாலும் எவனோ உட்கார்ந்து பார்த்துக்கொண்டே இருப்பானாம். கேட்டவர்கள் நேராக லென்ஸ் கடைக்கு வந்தார்கள். சிப் என்றால் அவன்தானே?

"பார்க்காம எதையும் சொல்ல மாட்டேன்" என்று அப்போதும் சொன்னான். அந்த மட்டும் நல்ல பிள்ளைதான்.

அந்த வாரமே கிளினிக்கிலிருந்து ஒரு நர்ஸ் வந்தாள். கையடக்கமான ஒரு கருவியை மேசையில் வைத்தாள். சார்ஜ் ஏறவில்லை, போதாக்குறைக்கு உள்ளே போட்ட பிளாஸ்டிக் வில்லையும் சிக்கிக்கொண்டது, எடுக்க வரவில்லை என்றாள்.

"என்னம்மா மிஷின் இது?"

"டெஸ்ட் பண்றதுண்ணே. தொண்டையில பஞ்சால தொட்டு எடுத்து, மருந்துத் தண்ணியில கரைச்சு, அந்த வில்லையில ஒரு சொட்டு விட்டா போதும். உள்ளே சிப் இருக்கு. அதுவே நோய் இருக்கா இல்லையான்னு சொல்லிடும். முன்னெல்லாம் ரிசல்ட் வர்றதுக்குள்ள சீக்காளியே குணமாகி வீட்டுக்குப் போயிடுவான்."

லென்ஸ் சிரித்துக்கொண்டே கருவியைச் சரிசெய்தான். வில்லை வெளியே வந்துவிட்டது, ஆனால் விளிம்பு உடைந்துபோனது. "அது புதுசுதான், இன்னும் சொட்டு விடல. உடைஞ்சா ஆகாது, தூக்கிப் போட்டுடுங்க" என்று சொல்லிவிட்டு நர்ஸ் போய்விட்டாள். தூக்கிப் போட்டிருக்கலாம். போட்டானா? இல்லையே. மேல் பிளாஸ்டிக்கை உரித்து மைக்ராஸ்கோப்பில் வைத்தான். தலைமுடியைவிட மெல்லிய வாய்க்கால்கள், அவற்றின் அடியில் தங்க நிறக் கோடுகள், ஒவ்வொரு கோட்டின் முனையிலும் ஒரு குட்டிச் சதுரம். இத்தனை வருஷத்தில் இவ்வளவு சுத்தமான வேலையை அவன் பார்த்ததில்லை. அவனுக்கு மெய்சிலிர்த்தது. கட்டைவிரலால் பிடித்துக்கொண்டு படம் எடுத்தான். சூட்டுக்கம்பி பட்டுக் கறுத்த தழும்போடு அவன் விரலும் படத்தில் விழுந்தது. கடைத்தெரு வாட்ஸப் குரூப்பில் போட்டான்: ஆஸ்பத்திரிச் சிப், என் கையாலேயே எடுத்தது.

குரூப் பற்றிக்கொண்டது. எந்த நாளும் அவனுக்கு வணக்கம்கூடச் சொல்லாத நகைக்கடை முதலாளி "சபாஷ் லென்ஸ்" என்று போட்டார். யாரோ கேட்டார்கள்: அப்போ ஊசியிலும் இருக்குமா?

அடப்பாவி, "அதை நான் பார்க்கலை" என்று ஒரு வரி சொல்லித் தொலைத்திருக்கக் கூடாதா? வாழ்நாள் முழுக்கச் சொன்ன வாய்தானே அது! ஆனால் அன்று அவனுக்குத் தலைகால் புரியவில்லை. போனை வாயருகே பிடித்து, கூட்டத்தில் பேசுகிற தலைவர் மாதிரி ஒரு குரல் பதிவு போட்டான்.

"சோதிக்கிறதுக்கே இவ்வளவு பெருசு வைக்கிறவன், ஊசியில சின்னதா ஒண்ணு வைக்க மாட்டானா? யோசிச்சுப் பாருங்க மக்களே."

சாயங்காலம் மாஸ்டர் தடுப்புக்கு மேலே தலையை நீட்டினார். அவருக்கு ஒரே பையன். அப்பா கடையில் பட்டன் டப்பாவோடு விளையாடியே வளர்ந்ததால் அவனுக்குப் பட்டன் என்றே பெயர். லென்ஸின் மகளும் பட்டனும் இரண்டாம் வகுப்பில் ஒரே பெஞ்சு. பட்டனின் அம்மா கடல்தாண்டிப் போய் ஒரு வீட்டில் வேலை செய்துகொண்டிருந்தாள். ராத்திரி போனில் மகன் முகத்தைப் பார்த்துவிட்டுத்தான் தூங்குவாள்.

"அவ போன்ல ஊசி போடு, ஊசி போடுன்னு உசிரை வாங்கறா. நீ சொல்லு. நெசமாவே பார்த்தியா?"

"பார்த்தேன் மாஸ்டர்" என்றான் லென்ஸ்.

"அப்ப வேணாம். நீ பார்த்தா நான் பார்த்த மாதிரி" என்று சொல்லிவிட்டு அவர் மிஷினை மிதிக்கத் தொடங்கினார். ஊசி போட்ட அன்று வகுப்பில் பாதிப் பேர் வரவில்லை என்று மகள் வந்து சொன்னாள். லென்ஸுக்கு உள்ளூரப் பெருமையாக இருந்தது. அதையும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

இரண்டு மாதம் போனது. ஒரு வாரம் பட்டன் பள்ளிக்கூடம் வரவில்லை. ஜலதோஷம் என்றார் மாஸ்டர். உப்புத் தண்ணீரில் கொப்பளிக்க வைக்கிறேன் என்றார். கடையைச் சீக்கிரமே சாத்திக்கொண்டு போனார். பிறகு கடையைத் திறக்கவே இல்லை. ஒரு மத்தியானம் மகள் வந்து அப்பாவின் சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

"அப்பா, பட்டனை ஜன்னல் வழியா பார்த்தேன். அவனுக்குக் குரலே வரல. கழுத்து இவ்ளோ பெருசா வீங்கி இருக்கு. அவன் மூச்சு விட்டா கர்ர்ருன்னு கேக்குதுப்பா."

அதே நேரம் கிளினிக் வண்டி ஒலிபெருக்கியோடு தெருவில் வந்தது. அடுத்த தெருவில் தொண்டை அடைப்பானில் ஒரு குழந்தை இறந்துவிட்டது, கழுத்து வீங்கினால் தாமதிக்காதீர்கள் என்று கத்திக்கொண்டே போனது. வெட்கத்தைவிட்டுச் சொன்னால், முதலில் லென்ஸுக்குப் பட்டன் ஞாபகம் வரவில்லை. மகளைத் தூக்கிக்கொண்டு, தன் மனைவி இஸ்திரி போடும் சலவைக் கடைக்கு ஓடினான். "ஒரே பெஞ்சுடி! ரெண்டும் ஒரே தண்ணி பாட்டில்ல குடிக்கும்! என் தலையில நானே மண்ணை வாரிப் போட்டுக்கிட்டேனே!" என்று நட்டநடுக் கடையில் நின்று அழுதான்.

அவள் இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள்.

"அவளுக்கு ஒண்ணும் ஆகாது. நான் ஊசி போட்டுட்டேன்."

"எப்போ?"

"பள்ளிக்கூடத்துல போட்ட அன்னிக்கே. நீங்க குரூப்புல பேசிக்கிட்டு இருந்தீங்களே, அப்போ. சொன்னா ஆடுவீங்க. அதான் சொல்லல, இவளையும் சொல்ல விடல."

போன உயிர் அவனுக்குத் திரும்பி வந்தது. மகளின் தலையில் முகத்தை வைத்து அழுத்திக்கொண்டான். திரும்பி வந்த உயிர் உள்ளே போய் உட்காரக்கூட இல்லை, அதற்குள் இன்னொன்று மேலே ஏறி உட்கார்ந்தது. என் பிள்ளைக்குப் போட்டாயிற்று. என் பேச்சைக் கேட்டவன் பிள்ளைக்குப் போடவில்லை.

மாஸ்டர் வீட்டுக் கதவு உள்ளே தாழ் போட்டிருந்தது. ஜன்னலையும் இப்போது துணி போட்டு மறைத்திருந்தார். லென்ஸ் கதவைத் தட்டினான், உலுக்கினான்.

"மாஸ்டர், கதவைத் திறங்க. பட்டனைத் தூக்கிக்கிட்டுக் கிளினிக் போவோம்."

"கத்தாதே. அவங்க காதுல விழுந்தா வந்து தூக்கிட்டுப் போயிடுவாங்க. டெஸ்டுங்கற பேர்ல சிப்பை வெச்சுட்டா என்ன பண்றது? நீதானே சொன்னே?"

"நான் சொன்னது தப்பு மாஸ்டர்!"

குழந்தை மூச்சு இழுக்கும் சத்தம் மட்டும் கதவைத் தாண்டி வந்தது. மரத்தை மழுங்கிய ரம்பத்தால் அறுப்பதுபோல் இருந்தது. பிறகு மாஸ்டரின் குரல் தணிந்து வந்தது.

"உன்னையும் மிரட்டிட்டாங்களா லென்சு?"

அவன் கதவில் தலையை முட்டிக்கொண்டான். என்ன சொன்னால் திறப்பார் என்று அவனுக்குத் தெரியும். அதைச் சொன்னால் அதோடு எல்லாம் போய்விடும் என்பதும் தெரியும்.

"மாஸ்டர், நான் ஊசி மருந்தைக் கண்ணால பார்த்ததே இல்ல. நான் பார்த்தது டெஸ்ட் மிஷின்ல போடற வில்லை. அது உடம்புக்குள்ள போகாது, மேசை மேலதான் இருக்கும். ஊசியைப் பத்தி நான் சும்மா வாய்க்கு வந்ததை உளறினேன்." அவனுக்கு மூச்சு வாங்கியது. "எம்பொண்ணு ஊசி போட்டிருக்கா. அதான் நல்லா இருக்கா."

தாழ் விலகியது. மாஸ்டர் வாசலில் நின்றார். தாடி மண்டியிருந்தது. அடிப்பார் என்று லென்ஸ் நினைத்தான். அடித்தால் நன்றாக இருக்கும் என்றும் நினைத்தான். அவர் அவனை அடிக்கவில்லை. "உம்பொண்ணு போட்டிருக்காளா" என்று மட்டும் கேட்டார். பிறகு உள்ளே போய்ப் பட்டனைப் போர்வையோடு தூக்கிக்கொண்டு வந்தார்.

கிளினிக்கில் டாக்டரம்மா டார்ச் அடித்துப் பட்டனின் தொண்டையைப் பார்த்தாள். உள்ளே சாம்பல் நிறத்தில் தோல் மாதிரி படர்ந்திருந்தது. "அதுவேதான்" என்றாள். விஷமுறிவு மருந்து பெரிய ஆஸ்பத்திரியில்தான் இருக்கிறது, அதுவும் கொஞ்சம்தான், டெஸ்டில் உறுதியானால் உடனே வண்டியில் அனுப்புவார்கள் என்றாள். நர்ஸ் பஞ்சுக்குச்சியோடு வந்தாள். மேசையில் அதே கருவி. பக்கத்தில் அதே மாதிரி வில்லை.

மாஸ்டர் மகனை மார்போடு இறுக்கிக்கொண்டு பின்வாங்கினார். "இதுதானே அது? படத்துல காட்டினியே, இதுதானே?"

"இதுதான் மாஸ்டர். பிள்ளைகிட்ட வராது. பஞ்சு மட்டும்தான் வாயில படும்."

"நீ எடுத்துப் பாரு. பார்த்துச் சொல்லு."

டாக்டரம்மா பல்லைக் கடித்தாள். "இங்க என்ன போன் ரிப்பேரா நடக்குது? குழந்தை மூச்சு திணறுது!" அவர் அசையவில்லை. படித்தவள் பேச்சு அவர் காதில் ஏறவில்லை. இத்தனைக்குப் பிறகும் அவர் நம்பியது லென்ஸை மட்டும்தான். இந்தக் கொடுமையை எங்கே போய்ச் சொல்வது! லென்ஸ் பஞ்சுக்குச்சியை வாங்கி, லென்ஸைக் கண்ணில் ஏற்றிப் பார்த்தான். "வெறும் பஞ்சு மாஸ்டர்" என்றான். அவர் பிடியைத் தளர்த்தினார்.

சொட்டு விட்டார்கள். கருவி அரை மணி நேரம் முனகிவிட்டு, நோய் உண்டு என்று சிவப்பு விளக்கைக் காட்டியது. அவன் சார்ஜ் ஏற்றிக் கொடுத்த கருவி தன் வேலையைச் சரியாகத்தான் செய்தது.

மருந்து வர இருட்டிவிட்டது. காத்திருந்த நேரத்தில் பட்டன் கண்ணைத் திறந்து லென்ஸைப் பார்த்தான். குரல் வராமல் காற்றாகப் பேசினான். லென்ஸ் அவன் வாயருகே காதைக் கொண்டுபோனான்.

"மாமா, எனக்குள்ள சிப் வெச்சுட்டாங்களா?"

"இல்லடா கண்ணா. சத்தியமா இல்ல."

"வெச்சா நல்லதுதானே மாமா. நான் எங்க இருக்கேன்னு அம்மாவுக்குத் தெரியும்ல."

லென்ஸ் எழுந்து வராந்தாவுக்கு ஓடிப்போய்ச் சுவரில் கையைக் குத்திக்கொண்டு வாய்விட்டு அழுதான்.

திரும்பி வந்தபோது மருந்து வந்திருந்தது. மாஸ்டர் கையை நீட்டிக் குப்பியை மறித்துக்கொண்டு இவனுக்காகக் காத்திருந்தார். "இதையும் பாரு" என்றார். லென்ஸ் குப்பியை விளக்குக்கு நேரே தூக்கி, லென்ஸைக் கண்ணில் வைத்தான். கண்ணீர் முட்டிக்கொண்டு நின்றதில் அவனுக்கு ஒன்றுமே தெரியவில்லை. குப்பியும் தெரியவில்லை, மருந்தும் தெரியவில்லை.

"ஒண்ணும் இல்ல மாஸ்டர். தண்ணி மாதிரி சுத்தமா இருக்கு."

மருந்து ஏறியது. மறுநாள் வீக்கம் வடிந்தது. பட்டன் அரை டம்ளர் பால் குடித்தான், கடல்தாண்டி இருந்த அம்மாவுக்குப் போனில் கையை ஆட்டினான். லென்ஸ் போகிற வருகிற எல்லாரையும் கும்பிட்டான். ஆனால் டாக்டரம்மா முகம் மலரவே இல்லை. மருந்து ஏறுவதற்கு முன்பே நோயின் விஷம் இதயத்துக்குப் போயிருக்கலாம், இரண்டு நாள் முன்பே வந்திருந்தால் பயமில்லாமல் இருந்திருக்கும் என்றாள். அவள் பயந்தபடியே ஆனது. அந்த வாரக் கடைசியில், தலையணையில் சாய்ந்து உட்கார்ந்து சட்டைப் பட்டனைப் போட்டுக்கொண்டிருந்த பிள்ளை, அப்படியே சாய்ந்தான். ஓடி வந்தார்கள், அமுக்கினார்கள், ஊதினார்கள். உயிர் திரும்பவில்லை.

லென்ஸ் குரூப்பில் மறுபடி ஒரு குரல் பதிவு போட்டான். நான் சொன்னது பொய், ஊசியைப் பார்க்காமல் சொன்னேன், ஒரு குழந்தை போய்விட்டது, தயவுசெய்து போடுங்கள் என்று அழுதுகொண்டே பேசினான். நகைக்கடை முதலாளி பதில் போட்டார்: லென்ஸையும் விலைக்கு வாங்கிட்டாங்க. அத்தோடு சரி. முதல் பதிவு ஊர் ஊராகப் பறந்தது. இந்தப் பதிவு அந்தத் தெருவையே தாண்டவில்லை.

சில நாள் கழித்து மாஸ்டர் கடையைத் திறந்தார். இவன் பக்கம் தலையைத் திருப்பவில்லை. திட்டவும் இல்லை. தடுப்புக்கு அந்தப் பக்கம் மிஷின் மட்டும் ஓடியது.

ஒரு நாள் காலையில் இளம்பெண் ஒருத்தி இடுப்பில் கைக்குழந்தையோடு வந்தாள். திரை உடைந்த போனைக் கொடுத்தாள். லென்ஸ் திரையை மாற்றி உயிர்ப்பித்தான். அடைந்து கிடந்த செய்தியெல்லாம் மளமளவென்று வந்து விழுந்தது. அதில் ஒரு படம். தங்கக் கோடுகள். ஓரத்தில் கறுத்த தழும்போடு ஒரு கட்டைவிரல்.

"அண்ணே, இது நெசமாண்ணே? பாப்பாவுக்கு இன்னிக்கு ஊசி போடச் சொல்லியிருக்காங்க. எனக்குப் பயமா இருக்கு."

லென்ஸ் தன் கட்டைவிரலைப் படத்துக்குப் பக்கத்தில் வைத்தான். "பாரும்மா. இது நான்தான் எடுத்தேன்."

அவள் கண்கள் விரிந்தன. "ஐயோ, அது நீங்கதானா! அப்ப நெசம்தான்!" என்று குழந்தையை அணைத்துக்கொண்டு போனைப் பையில் போட்டாள்.

"இல்லம்மா, இரு, பொய்ம்மா அது! அது டெஸ்ட் மிஷின்ல..." அவன் முக்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தான். அவள் பரிதாபமாகப் பார்த்தாள். "நீங்க என்ன பண்ணுவீங்கண்ணே. உங்களை மிரட்டியிருப்பாங்க" என்றாள்.

மிஷின் நின்றது. மாஸ்டர் கழுத்தில் அளவு டேப்போடு வெளியே வந்து அவளுக்கு எதிரே நின்றார்.

"இவன் பேச்சைக் கேட்டுத்தான் எம்பையனுக்கு ஊசி போடாம விட்டேன். எம்பையன் இப்ப இல்ல" என்றார். "இவனை நம்பாதே. என்னை நம்பு. போய்ப் போடும்மா."

அவள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். குழந்தையின் தலையை முந்தானையால் மூடிக்கொண்டாள். கிளினிக் இருக்கும் பக்கமாக நடந்தாள்.

"மாஸ்டர்" என்றான் லென்ஸ். அவர் உள்ளே போய்விட்டார்.

அவன் முக்காலியை நிமிர்த்தி உட்கார்ந்தான். மைக்ராஸ்கோப்புக்கு அடியில் வேறொரு போன் பிரிந்து கிடந்தது. கடுகளவு சிப் ஒன்றை உட்கார வைக்க வேண்டும். ட்வீசரால் எடுத்தான். மிஷின் ஓடத் தொடங்கியது. மேசை அதிர்ந்தது. ஒரு நிமிஷம் மிதிக்காதீர்கள் என்று கேட்க அவனுக்கு வாய் வரவில்லை. ட்வீசரைப் பிடித்தபடியே காத்திருந்தான். அந்தப் பக்கம் மிதிப்பது நிற்கவில்லை.